விழுந்து பிழைத்தவன்

என் பழைய அடையாள அட்டையில் தொழில் என்ற இடத்தில் 'மீன்பிடி' என்று இருந்தது. உடப்பில் பிறந்த ஆண்பிள்ளைக்கு விதானையார் வேறு எதையும் கேட்டு எழுதியதாக எனக்கு ஞாபகமில்லை. எழுதியது பொய்யுமில்லை. நானும் கரைவலை இழுத்தேன், பங்கு வாங்கினேன். ஆனால் ஊரில் என்னை அதற்காக யாரும் தெரிந்து வைத்திருக்கவில்லை. தெருவில் நடந்தால் "பபூன் போறான்" என்பார்கள். பெண் கேட்டுப் போன இடத்தில் மாமனார் கேட்டது ஒரே கேள்வி: "விழுறத விட்டா வேற என்ன தெரியும்?" இன்றைக்கு அதே விழுகைக்கு நாட்கணக்கில் கட்டணம் தருகிறார்கள். கொழும்பில், குளிரூட்டிய மண்டபத்தில், ரப்பர் விரிப்பின்மேல், பட்டதாரிப் பிள்ளைகளை வட்டமாக நிற்க வைத்து நான் விழுந்து காட்டுகிறேன். அவர்கள் குறிப்பெடுக்கிறார்கள். மாமனார் உயிரோடு இல்லாததில் எனக்கு உண்மையான வருத்தம். பற்றுச்சீட்டைக் காட்டியிருப்பேன்.

கொழும்பிலிருந்து புத்தளம் போகிற வீதியில் சிலாபத்தைத் தாண்டி, பத்துளுஓயாவில் கடற்பக்கம் திரும்பினால் உடப்பு. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் முந்தல் களப்பு, நடுவில் மணல். இராமநாதபுரக் கரையிலிருந்து வந்த சனம் நாங்கள் என்று பெரியவர்கள் சொல்லுவார்கள். சுற்றிவரச் சிங்களக் கிராமங்களும் முஸ்லிம் கிராமங்களும் கத்தோலிக்கக் கிராமங்களும். சிலாபம், நீர்கொழும்புக் கரையில் தமிழ் பேசிய மீனவக் குடும்பங்கள் பல, பள்ளிக்கூடம் மாறியதோடு வீட்டுப் பேச்சும் மாறிச் சிங்களவர் ஆகிவிட்டன. நாங்கள் மாறவில்லை. திரௌபதை அம்மன் விடவில்லை என்பது ஊர்க் கணக்கு. ஆடித் திருவிழாவில் பாரதக் கதை ஊருக்குள்ளேயே நடக்கும், தீமிதிப்பில் போய் முடியும். நெருப்பில் இறங்குகிறவனைப் பார்த்துச் சிரிக்க முடியாது. அந்த நாட்களில் அடக்கி வைத்த சிரிப்பெல்லாம் பிறகு எங்கேயாவது இறங்கத்தானே வேண்டும்? அது என் தலையில் இறங்கியது.

விழக் கற்றது மேடையில் அல்ல, கரையில். கரைவலை பார்க்காதவர்களுக்குச் சொல்கிறேன். கயிற்றின் ஒரு முனையைக் கரையில் விட்டுவிட்டுத் தோணி கடலுக்குள் போகும். வலையை அரைவட்டமாக இறக்கி, மறுமுனையோடு தூரத்தில் வந்து கரை சேரும். பிறகு இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று இழுப்பார்கள். முகம் கடலைப் பார்க்கும், கால் பின்னோக்கி நடக்கும், உடம்பின் பாரம் முழுக்கக் கயிற்றில் இருக்கும். ஒருவன் அம்பா எடுப்பான், மற்றவர்கள் ஏந்திப் பாடுவார்கள். அந்தத் தாளத்துக்குத்தான் அடி எடுத்து வைப்பது. பாட்டில் முதலில் சாமி வரும். பிறகு வலைச் சொந்தக்காரரான சம்மாட்டி வருவார், அவருடைய கைப்பிடித்தம் வரும், இந்தப் பத்திரிகையில் எழுத முடியாத சில சங்கதிகளும் வரும். சம்மாட்டி பக்கத்தில்தான் நிற்பார். பாட்டு என்பதால் கேட்காத மாதிரி நிற்பார்.

கயிறு சட்டென்று இளகினால் இழுத்த பாரத்துக்கு மல்லாக்க விழ வேண்டியதுதான். அப்படி விழும்போது நாடியை நெஞ்சோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். மூச்சை உள்ளே பிடித்து வைக்காமல் வெளியே விட வேண்டும். முதலில் குண்டி, பிறகு முதுகு, முதுகை வளைத்து உருட்டிக்கொண்டே போய்க் கடைசியில் இரண்டு கையையும் விரித்து மணலில் ஓங்கி அடிக்க வேண்டும். அடி கைக்குப் போய்விடும், தலைக்கு வராது. சத்தம் மட்டும் பெரிதாகக் கேட்கும். இதை எனக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை, முன்னால் விழுந்தவனைப் பார்த்துப் பின்னால் நின்றவன் பிடித்துக்கொள்வதுதான். நான் கூடுதலாகச் செய்தது ஒன்றே ஒன்று. கயிறு இளகாதபோதும் விழுந்தேன்.

அதைப் பார்த்துத்தான் நாடகத்துக்குக் கூப்பிட்டார்கள். கோயில் வெளியில் மேடை போட்டு, பெற்றோமாக்ஸ் கட்டி, ஆர்மோனியக்காரரை வெளியூரிலிருந்து கொண்டுவந்து, அரிச்சந்திரா, பவளக்கொடி, சத்தியவான் சாவித்திரி என்று விடியவிடிய ஆடிய காலம். சங்கரதாஸ் சுவாமிகள் வகுத்து வைத்த வழிதான், கடல் தாண்டி வந்து எங்கள் மணலில் கொஞ்சம் தளர்ந்துபோயிருந்தது. அரிச்சந்திரனுக்குப் பாட்டு உண்டு, வசனம் உண்டு, ஒத்திகை உண்டு. பபூனுக்கு ஒன்றும் கிடையாது. அரசன் உடை மாற்றிவிட்டு வரும்வரை சனத்தை எழும்பிப் போகாமல் பிடித்து வைத்திருக்க வேண்டும், அவ்வளவுதான் எனக்குத் தந்த கட்டளை. அரசனின் சட்டையில் ஊக்கு ஒன்று அறுந்துவிட்டால் என் வேடம் அரை மணித்தியாலம் நீண்டுவிடும். முகத்தில் முத்துவெள்ளை, கன்னத்தில் செந்தூரம், புருவத்துக்கு அடுப்புக்கரி. காற்சட்டை என் சித்தப்பாவுடையது. அவர் இரண்டு ஆள் பருமன்.

அந்த அரை மணித்தியாலத்துக்குள் எனக்கு இருந்த அதிகாரத்தை இப்போது நினைத்தால் திகைப்பாக இருக்கிறது. முன்வரிசைக் கதிரையில் இருக்கிற யாரையும் இழுக்கலாம். மீன் நிறுப்பதில் கை வைத்த முதலாளி, கோயில் கணக்கைக் காட்டாமல் இழுத்தடித்தவர், மகளின் கலியாணத்துக்குக் கடன் தந்துவிட்டு ஊர் முழுக்கச் சொல்லித் திரிந்தவர் எல்லாரும் என் கைக்குள் வருவார்கள். பெயர் சொல்ல மாட்டேன். நடந்து காட்டுவேன், போதும். ஒரு முறை நான் வேலை செய்த சம்மாட்டியின் நடையையே எடுத்தேன். ஒரு தோள் சரிந்து, கை பின்னால் முதுகைச் சொறிந்துகொண்டு, வாங்க வேண்டிய காசுக்குப் போகும்போது ஒரு வேகம், கொடுக்க வேண்டிய காசுக்குப் போகும்போது ஒரு வேகம். சனம் புரண்டது. அவர் மட்டும் சிரிக்கவில்லை. விடிந்ததும் பங்கை நிறுத்திவிடுவார் என்று வீட்டில் அம்மா அழத் தொடங்கிவிட்டாள். கரைக்குப் போனேன். பங்கு குறையாமல் வந்தது. தந்துவிட்டு என்னைத் தள்ளிக் கூட்டிக்கொண்டு போய்ச் சொன்னார்: "டேய், வலது தோளைச் சரிச்ச. எனக்கு இடது தோள்டா சரியும். அடுத்த முறை பார்த்துச் செய்." திருத்தம் சொன்ன அவருக்கு எந்த அரங்கியல் பட்டமும் கிடையாது.

வீட்டில் யாரும் இதை ஒரு எதிர்காலமாக நினைக்கவில்லை. எனக்கு மட்டும் நகைச்சுவை நடிகர் சந்திரபாபு இருந்தார். தூத்துக்குடிக் கரையில் பிறந்தவர், சின்ன வயதில் கொழும்பில் வளர்ந்து படித்தவர். அதனால் அவரை எங்கள் ஆள் என்று உரிமை கொண்டாட எனக்கு இரண்டு காரணம் இருந்தது. 'சபாஷ் மீனா'வில் இரட்டை வேடத்தில் அவர் காலைப் பரப்பிச் சறுக்கி நிமிரும்போது எலும்பு எங்கே இருக்கிறது என்று தேடுவேன். சிலாபத்துத் தியேட்டரில் பார்த்துவிட்டு வந்து மணலில் அதைப் போட்டுப் பார்ப்பது. 1974-இல் நாற்பத்தாறு வயதில், கையில் காசில்லாமல் அவர் இறந்தார் என்ற செய்தியை வாசித்துவிட்டு அம்மா பேப்பரை மடித்து என் முன்னால் வைத்தாள். ஒன்றும் சொல்லவில்லை. இந்தத் துறை பற்றி எனக்குக் கிடைத்த தொழில் வழிகாட்டல் அவ்வளவுதான்.

அந்த நாட்களில் இலங்கைத் தமிழரின் மிகப் பெரிய கோமாளிகளுக்கு உடம்பே இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். அவர்கள் வானொலியில் இருந்தார்கள். 'கோமாளிகள் கும்மாளம்' தொடங்கினால் எங்கள் தெருவில் வலை பின்னுகிற கை நின்றுவிடும். மரிக்காராக எஸ். ராம்தாஸ், அப்புக்குட்டியாக டி. ராஜகோபால், உபாலியாக எஸ். செல்வசேகரன், ஐயராக பி. எச். அப்துல் ஹமீது. முஸ்லிம், யாழ்ப்பாணத்தார், சிங்களவர், பிராமணர் என்று நான்கு பேச்சும் ஒரே வீட்டுக்குள் உருளும். 1976-இல் அது 'கோமாளிகள்' என்று படமாகவும் வந்தது. தொண்டை மட்டும் போதும் என்று நாடே முடிவு செய்துவிட்ட நேரத்தில் நான் முதுகை வைத்துப் பிழைக்கப் பார்த்துக்கொண்டிருந்தேன். காலம் அறிந்து இறங்கிய தொழில் என்று சொல்ல முடியாது.

முதுகுக்கு மதிப்பு பக்கத்து ஊர்களில்தான் வந்தது. சிங்களக் கிராமமொன்றில் எங்கள் பொடியன்கள் நாடகம் போட்டார்கள். அரிச்சந்திரன் உருகி உருகிப் பாடினான், சனம் மரியாதைக்காகக் கேட்டுக்கொண்டிருந்தது. நான் கதிரையில் இருக்கப் போய்க் கதிரைக்குப் பின்னால் விழுந்தேன். அதற்குப் பிறகு அரிச்சந்திரனை உள்ளேயே இருக்கச் சொல்லிவிட்டார்கள். சிங்கள நாடகம என்ற பழைய மேடைக்கூத்து தமிழ் நாட்டுக்கூத்திலிருந்து வளர்ந்தது என்றும், அதில் வருகிற கோமாளிக்கே கோணங்கி என்றுதான் பெயர் என்றும் பல வருடம் கழித்துத்தான் அறிந்தேன். அந்த மரபை எடுத்துப் புதுக்கித்தான் எதிரிவீர சரச்சந்திர 1956 நவம்பரில் கொழும்பு லயனல் வெண்ட் அரங்கில் 'மனமே' போட்டார். அதே 1956-இல்தான் பாரிஸில் ஷாக் லெக்கொக் என்பவர் உடம்பால் நடிக்கச் சொல்லித்தரும் பள்ளியைத் திறந்தார். சிங்களம் மட்டும் சட்டம் வந்ததும் அதே வருடம். பேசாமல் நடிக்கப் பழகிக்கொள்வது நல்லது என்று உலகம் மூன்று விதமாக எங்களுக்குச் சொல்லியிருக்கிறது. உடப்பில் யாருக்கும் காதில் விழவில்லை.

மற்ற இடங்களில் நிலைமை வேறு. பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் 1962-இல் 'கர்ணன் போர்' தொடங்கி, விடியவிடிய ஆடிய கூத்தைப் படித்தவர்களும் உட்கார்ந்து பார்க்கிற அளவுக்குச் சுருக்கி மேடையேற்றினார். அது பெரிய காரியம், அதில்லாவிட்டால் கூத்துக்கு இன்றைக்குப் பல்கலைக்கழக வாசல் திறந்திருக்காது. ஆனாலும் ஒரு பபூனின் பார்வையில் ஒரு முறைப்பாடு எனக்கு உண்டு. எட்டு மணித்தியாலத்தை ஒன்றரை மணித்தியாலமாக்கினால் அரசன் உடை மாற்றுகிற நேரம்தான் முதலில் வெட்டுப்படும். 1978-இல் யாழ்ப்பாணத்தில் குழந்தை ம. சண்முகலிங்கம் நாடக அரங்கக் கல்லூரியைத் தொடங்கினார். அந்த வழியில் வந்த ஒருவர் நடத்திய களப்பயிற்சிக்கு என்னையும் யாரோ கூட்டிக்கொண்டு போனார்கள். மூச்சு, நடை, ஊமம், அரங்க விளையாட்டு என்று பகல் முழுக்கப் பயிற்சி. தரையில் படுத்து ஒவ்வொரு விரலாகத் தளர்த்தச் சொன்னார்கள். கடல் வேலை செய்தவனுக்குப் படுத்தால் தளர்வது ஒரு பாடமா? நான் நித்திரையாகிவிட்டேன். சிறந்த மாணவன் என்று என்னைக் காட்டினார்கள்.

பிறகு நாடு போன போக்கில் நாடகத்துக்கு இரவு இல்லாமல் போயிற்று. இரவே இல்லாவிட்டால் விடியவிடிய எப்படி ஆடுவது? தொண்ணூறுகளில் ஒரு முறை நிகழ்ச்சி முடிந்து வரும் வழியில் சோதனைச் சாவடியில் இறக்கினார்கள். காதுக்குப் பின்னால் முத்துவெள்ளை கொஞ்சம் போகாமல் இருந்தது. சிப்பாய் விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு என்னவென்று கேட்டான். அடையாள அட்டை மீன்பிடி என்கிறது, மீன்காரன் முகத்துக்குப் பவுடர் ஏன்? "ஜோக்கர்" என்றேன். செய்து காட்டு என்றான். தார் ரோட்டில், பஸ்ஸில் வந்த சனம் முழுக்க வரிசையில் நிற்க, விழுந்தேன். அவன் முகம் அசையவில்லை. மணல் மூட்டைக்குப் பின்னால் இருந்த இன்னொருவன் வாய் விட்டுச் சிரித்தான். வரிசையில் நின்ற எங்கள் ஆட்கள் யாரும் சிரிக்கவில்லை, சிரிக்கலாமா என்று அவர்களுக்குத் தெரியவில்லை. முதல் சிப்பாய் அட்டையைத் திருப்பித் தந்துவிட்டு, அடுத்த சாவடியில் இதைச் செய்யாதே என்று மெதுவாகச் சொன்னான். என் நிகழ்ச்சிக்குக் கிடைத்த விமர்சனங்களில் ஒழுங்காகப் பார்த்துவிட்டுச் சொன்னது அதுதான் என்று இன்றும் நினைக்கிறேன்.

1990 அக்டோபரில் புலிகள் வடக்கிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். எழுபதாயிரத்துக்கு மேற்பட்ட சனம், பெரும்பகுதி எங்கள் புத்தளம் மாவட்டத்துக்குத்தான் வந்தது. கற்பிட்டிப் பக்கம் தென்னந்தோட்டங்களில் ஓலைக் கொட்டில்கள். பிள்ளைகளுக்கு ஏதாவது செய்யுங்கள் என்று ஒரு ஆசிரியர் கூப்பிட்டார். முகாமில் எல்லாரும் நாள் முழுக்கச் செய்கிற வேலை தண்ணீருக்கு வரிசையில் நிற்பது. நானும் ஒரு வாளியோடு போய் நின்றேன். நிரப்பினேன், இல்லாத தண்ணீரை. வாளி கனத்தது. ஒவ்வொரு அடிக்கும் தளும்பியது, நான் தளும்பலை வாயால் பிடித்தேன், தலைப்பாவால் துடைத்துத் திரும்ப வாளிக்குள் பிழிந்தேன். பிள்ளைகள் சிரித்தார்கள். பெண்கள் சிரிக்கவில்லை, வாளியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு கால் தடுக்கியது. வாளி தலைகீழாக அவர்கள் பக்கம் கவிழ்ந்தபோது முன்னால் நின்ற பெண் "யா அல்லா" என்று பின்வாங்கிவிட்டாள். ஒரு சொட்டும் விழவில்லை. அதற்குப் பிறகுதான் அவர்கள் சிரித்தார்கள். ஒருத்தி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, "தண்ணி வீணாகல்ல தம்பி, நல்ல வேளை" என்றாள்.

அதே காலத்தில், 1993-இல், பார்சலோனாவின் தோர்தெல் போல்த்ரோனா என்ற கோமாளி குரோவேஷியாவின் அகதி முகாமொன்றுக்குப் போய் ஆடினார். அதிலிருந்துதான் 'எல்லைகளற்ற கோமாளிகள்' என்ற அமைப்பு வளர்ந்து பல நாடுகளில் கிளை விட்டது. அவர்களுக்கு அமைப்பு இருந்தது, எனக்குச் சித்தப்பாவின் காற்சட்டை இருந்தது. பொறாமையில் சொல்லவில்லை. கொஞ்சம் பொறாமையும்தான்.

ஊரில் காசு இறாலோடு வந்தது. களப்பைச் சுற்றி இறால் பண்ணைகள் எழும்பி, நேற்றுவரை கயிறு இழுத்தவன் இன்றைக்கு வேன் வாங்கினான். நாடகத்துக்கும் புரவலர்கள் கிடைத்தார்கள். பெற்றோமாக்ஸ் போய் ஜெனரேட்டர் வந்தது. ஆர்மோனியம் போய்க் கொழும்பு இசைக்குழு வந்தது. இசைக்குழு வந்ததும் நாடகமும் போயிற்று, இரண்டு பாட்டுக்கு நடுவில் அறிவிப்பாளர் பகிடி விடுவார். 1996-இல் வெள்ளைப்புள்ளி நோய் வந்து குளங்களில் இறால் செத்து மிதந்தபோது வேன்கள் ஒவ்வொன்றாக விலைப்பட்டன. அப்போது மறுபடி என் ஞாபகம் வந்து கூப்பிட்டார்கள், பபூனுக்குக் கொடுக்கிற கூலி இசைக்குழுவின் சாப்பாட்டுச் செலவுக்கும் வராதே. உடம்பெல்லாம் வெள்ளைப் பொட்டு வைத்துக்கொண்டு இறாலாகப் போய் மேடையில் இருமினேன். முன்வரிசையில் இருந்தவர்கள் எல்லாரும் குளம் இழந்தவர்கள். அவர்கள்தான் அதிகம் சிரித்தார்கள்.

என்னை உத்தியோகத்தில் சேர்த்தது சிவப்பு மூக்கு. போர்நிறுத்தக் காலத்தில் அரங்கப் பயிற்சி, சமாதானம், உளநலம் என்று திட்டங்கள் மழைக்கு முளைத்த காளான்போல வந்தன. கொழும்பில் வெளிநாட்டுப் பயிற்றுநர் ஒருவர் கோமாளிக்கலைப் பயிலரங்கு நடத்தினார். நல்ல மனுஷன், வேலை தெரிந்தவர். ஆளுக்கொரு ஸ்பொஞ்சு மூக்குத் தந்து, இதுதான் உலகின் மிகச் சிறிய முகமூடி என்பது லெக்கொக்கின் கருத்து என்றார். மாட்டியதும் எனக்குத் தும்மல் வந்தது, அதையே செய் என்றார். கோமாளி தோற்கப் பழக வேண்டும், சனம் சிரிக்காத அந்த வெறுமையில் ஓடிவிடாமல் நிற்கப் பழக வேண்டும் என்று மூன்று நாள் சொல்லித்தந்தார். கொழும்புப் பிள்ளைகளுக்கு அது கடினமாக இருந்தது. சிலர் அழுதார்கள். உடப்பில் சனம் சிரிக்காவிட்டால் மீன் தலை வந்து விழும், அந்தப் பாடத்துக்கு மூன்று நாள் தேவைப்படாது.

கடைசி நாள் ஊமப் பயிற்சியில் இல்லாத கயிற்றை இழுக்கச் சொன்னார். பிள்ளைகள் கையால் இழுத்தார்கள். கயிறு அவரவர் கைக்கு ஏற்றபடி தடித்தது, மெலிந்தது, சில இடத்தில் அறுந்தே போனது. என் முறை வந்தது. கால் பின்னோக்கிப் போயிற்று, பாரம் இடுப்பில் இறங்கியது, மூச்சு அம்பாவுக்கு எழும்பியது. பாடவில்லை, தோள் மட்டும் அந்தத் தாளத்தைப் போட்டுக்கொண்டே போனது. அலை வாங்கும்போது விட்டுக்கொடுத்து, அலை தரும்போது எடுத்தேன். மண்டபத்தில் எல்லாரும் கயிறு போகிற திசையைப் பார்த்தார்கள். பயிற்றுநர் கிட்ட வந்து என் குதிகாலைக் குனிந்து பார்த்தார். எந்தப் பள்ளியில் படித்தீர்கள் என்று மொழிபெயர்ப்பாளரிடம் கேட்டார். அந்தப் பயிலரங்கில் கிடைத்த சான்றிதழ்தான் என் மற்றச் சான்றிதழ்களுக்கெல்லாம் தாய்.

இப்போது அந்த ஒரு பயிற்சியை வைத்துத்தான் என் வீட்டு உலை கொதிக்கிறது. கொழும்பிலும் மட்டக்களப்பிலும் பிள்ளைகள் காசு கட்டி இல்லாத கயிற்றை இழுக்கிறார்கள். உடப்பில் இருக்கிற கயிற்றை டிராக்டர் இழுக்கிறது. பின்னால் வின்ச் பூட்டி, மணலில் நிறுத்திவிட்டு இயந்திரத்தை ஓட்டினால் கயிறு தானாகச் சுற்றிக்கொள்ளும். முன்பு இரண்டு கூட்டமாக நின்ற இடத்தில் இப்போது சில பேர் போதும், அவர்களிலும் ஒருவன் போனில் இருப்பான். வின்ச் வேண்டுமா வேண்டாமா என்று மீன்வளத்தைச் சொல்லி ஒரு சண்டை, கூலியைச் சொல்லி ஒரு சண்டை. முதுகு நோவு தெரிந்தவன் நான், வின்ச்சைக் குறை சொல்ல மாட்டேன். அம்பா கேட்க வேண்டுமானால் கலாசார விழாவுக்கு வாருங்கள். வெள்ளை வேட்டி கட்டி, மேடையில் கயிறு பிடித்து, மைக்குக்கு முன்னால் பாடுவார்கள். சம்மாட்டியைப் பற்றிய அடிகளை நீக்கிவிட்டார்கள்.

என் தம்பியின் மகள் உயர்தரத்துக்கு நாடகமும் அரங்கியலும் எடுத்திருக்கிறாள். ஒரு நாள் கொப்பியோடு வந்தாள். "பெரியப்பா, கூத்துல கட்டியகாரன்ட பணிகள் அஞ்சு சொல்லுங்க." பாத்திரங்களை அறிமுகப்படுத்துவது, கதையைத் தொடுப்பது, நகைச்சுவை ஊட்டுவது, சமூக விமர்சனம் செய்வது என்று நான்கை அவளே எழுதி வைத்திருந்தாள். அரசனுக்கு ஊக்கு அறுந்தால் நேரத்தை இழுப்பது என்று ஐந்தாவதைச் சொன்னேன். அது புத்தகத்தில் இல்லையாம், புள்ளி தர மாட்டார்களாம். சமூக விமர்சனம் என்றால் என்ன எழுதுவாய் என்று கேட்டேன். "சமூகத்தில் உள்ள குறைகளைச் சுட்டிக்காட்டுதல்" என்று மூச்சு விடாமல் ஒப்பித்தாள். யாருடைய குறையை என்று கேட்டதற்கு நிமிர்ந்து பார்த்துவிட்டு, "பொதுவா" என்றாள். கெட்டிக்காரி, பாஸ் பண்ணிவிடுவாள்.

இந்தப் பொதுவில்தான் இன்றைக்கு என் தொழிலே நடக்கிறது. இந்த நாட்டில் மேடை நாடகத்தின் பிரதியைத் தணிக்கைக்கு அனுப்புவதற்கு 1912-ஆம் ஆண்டிலிருந்தே சட்டம் உண்டு. வெள்ளைக்காரன் போட்ட சட்டம், அவன் போன பிறகு எல்லா அரசாங்கத்துக்கும் பிடித்துப்போயிற்று. உடப்பு மணலுக்கு அது வந்து சேர்ந்ததில்லை. மண்டபங்களுக்கு ஏறிய பிறகு, சட்டம் கேட்காத இடத்திலும் ஏற்பாட்டாளர்கள் கேட்கத் தொடங்கினார்கள். முதல் முறை ஒரு அலுவலகத்தில் பிரதி கேட்டபோது வசனமில்லை என்றேன். செய்வதை எழுதுங்கள் என்றார்கள். எழுதினேன்: 'வருகிறான். கதிரையைப் பார்க்கிறான். இருக்கப் போகிறான். விழுகிறான். எழும்புகிறான். கதிரையைப் பார்க்கிறான்.' கதிரை எதைக் குறிக்கிறது என்று சிவப்பு மையில் கேட்டு வந்தது. கதிரையை என்று பதில் எழுதினேன். கதிரையை நீக்கிவிட்டு ஆடும்படி பணித்தார்கள். இன்னொரு முறை ஒரு பாடசாலை விழாவில் அதிகாரி ஒருவர் மேடையேறிய நடை கண்ணில் பட்டுவிட்டது. பழக்கதோஷம், அடுத்த நிகழ்ச்சியில் கால் தானாக அப்படி நடந்தது. அவர் எந்தத் தோள் சரிந்தது என்றெல்லாம் சொல்லவில்லை. விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது, மூன்று பிரதிகள்.

குறை சொல்வதாக நினைக்க வேண்டாம். அன்றைக்கு ஒரு கோர்வை மீன், இன்றைக்குக் காசோலை. அன்றைக்கு முதுகு பிடித்தால் நல்லெண்ணெய், இன்றைக்கு விபத்துக்கு யார் பொறுப்பு என்று படிவத்தில் ஒரு பந்தியே இருக்கிறது. சென்னை எழும்பூர்க் குழந்தைகள் மருத்துவமனையில் கோமாளிகள் கட்டில் கட்டிலாகப் போவதைப் பற்றி வாசித்தபோது மனம் நிறைந்தது, பிள்ளையின் சம்மதம் கேட்டுத்தான் கிட்டப் போவார்களாம். நாங்கள் யாரிடம் சம்மதம் கேட்டோம்? முன்வரிசையில் கதிரை போட்டு இருந்தால் அதுவே சம்மதம். எது நல்லது என்று கேட்டால் முதுகு ஒன்று சொல்லும், வாய் இன்னொன்று சொல்லும்.

அடுத்த மாதம் டெங்கு ஒழிப்பு வாரத்துக்கு ஒரு பாடசாலையில் நிகழ்ச்சி. நான் கொசு. நான்கு நிமிடம் தந்திருக்கிறார்கள். தலைப்பு, நோக்கம், எதிர்பார்க்கப்படும் பயன் எல்லாம் எழுதிக் கொடுத்தாயிற்று. மூன்றாவது நிமிடத்தில் கொசு செத்து விழ வேண்டும். மேடையின் நடுவில் விழக் கூடாது, அங்கே பிரதம விருந்தினரின் கதிரை இருக்கும். அவர் பக்கமாகவும் விழக் கூடாது, தப்பாக விளங்கிக்கொள்வார்களாம். அப்படியானால் எந்தப் பக்கம் விழட்டும் என்று தொலைபேசியில் கேட்டேன். கொஞ்ச நேரம் யாரையோ விசாரித்துவிட்டு வந்து, அதை எழுத்தில் கேளுங்கள் ஐயா, கமிட்டிக்கு வைக்கிறோம் என்றார்கள்.